ஃபாஸ்பிண்டரை எட்டு வாரத்தில் திரையிடுவது எப்படி

ஜெர்மன் இயக்குநர் ரைனர் வெர்னர் ஃபாஸ்பிண்டர் தன் முதல் முழுநீளப் படத்தை 1969இல் வெளியிட்டார். 1982 ஜூன் 10 அன்று மியூனிக்கில் இறந்தபோது அவருக்கு வயது 37. நடுவில் இருந்த 13 ஆண்டுகளில் திரைக்கும் தொலைக்காட்சிக்குமாக 40க்கும் மேற்பட்ட ஆக்கங்கள். இந்தக் குவியலைப் பார்த்து மலைத்துப்போகும் பிலிம் சொசைட்டிகள் பெரும்பாலும் ஒரே தவறைத்தான் செய்கின்றன. ஆண்டு வரிசையில் போடத் தொடங்கிவிடுகின்றன. ‘மரணத்தைவிடக் காதல் குளிர்ந்தது’ என்ற அந்த முதல் படத்துக்குப் பெர்லின் விழாவிலேயே கூச்சல்தான் கிடைத்தது. அதை முதல் வாரம் போட்டால் இரண்டாம் வாரம் பாதி நாற்காலி காலியாகிவிடும்.

அடுத்த தவறு, அவரைப் ‘பாதிக்கப்பட்டோரின் இயக்குநர்’ என்று அறிமுகப்படுத்துவது. அவர் படங்களில் அடிவாங்குகிறவர் அடுத்த கட்டத்தில் அடிக்கிறவராகிறார். பெரும்பாலும் அது அவருக்கே தெரியாமல் நடக்கிறது. இதைப் பார்வையாளர் தாமாகக் கண்டுகொள்ளும்படி படங்களை அடுக்க வேண்டும். கீழே உள்ள வரிசை அந்த நோக்கத்தில் அமைந்தது. வாரம் ஒன்று, மொத்தம் எட்டு.

உரிமமும் பிரதியும்

திரையிடலுக்கு மூன்று மாதம் முன்பே வேலையைத் தொடங்குங்கள். வீட்டில் பார்க்க வாங்கிய டிஸ்க்கை அரங்கில் போட உரிமை கிடையாது. இணையச் சந்தாவுக்கும் அதே கதைதான். ஜெர்மன் படங்களுக்கு முதலில் தட்ட வேண்டிய கதவு கோத்தே நிறுவனம். இந்தியாவில் மாக்ஸ் முல்லர் பவன் என்ற பெயரில் இயங்கும் அதற்குச் சென்னையிலும் கிளை இருக்கிறது. வணிக நோக்கமில்லாத திரையிடலுக்கு எந்தப் படங்களின் உரிமம் அவர்களிடம் இருக்கிறது என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள். அவர்களிடம் இல்லாதவற்றுக்குப் பெர்லினில் உள்ள ரைனர் வெர்னர் ஃபாஸ்பிண்டர் அறக்கட்டளைக்கு எழுதலாம். இயக்குநரின் தாய் 1986இல் நிறுவிய அமைப்பு அது. பின்னர் அவருடைய படத்தொகுப்பாளர் யூலியானே லோரென்ஸ் அதை நடத்திவந்தார். கடிதத்தில் தேதி, இருக்கை எண்ணிக்கை, நுழைவுக் கட்டணம் உண்டா இல்லையா என்ற மூன்றும் இருந்தால் பதில் விரைவில் வரும். இந்த மூன்றும் இல்லாத கடிதத்துக்கு அவற்றைக் கேட்டு ஒரு பதில் வரும், அதிலேயே இரண்டு வாரம் போய்விடும்.

எட்டுப் படத்துக்கும் உரிமம் கிடைக்காமல் போகலாம். அப்போது 1, 2, 7ஆம் வாரப் படங்கள் மூன்றை மட்டும் விட்டுவிடாதீர்கள். மற்றவை இல்லாமலும் தொடர் நிற்கும்.

சட்டகம், வேகம், ஒலி

இந்தப் படங்கள் பெரும்பாலும் பழைய 1.37 விகிதத்தில், ஏறக்குறைய சதுரத்துக்குப் பக்கமாக எடுக்கப்பட்டவை. இன்றைய புரொஜெக்டரும் திரையும் 16க்கு 9. பத்து அடி அகலத் திரையின் உயரம் சுமார் 5.6 அடி. அதில் 1.37 படம் சுமார் 7.7 அடி அகலம்தான் பிடிக்கும், இரு பக்கமும் கறுப்புப் பட்டை நிற்கும். யாராவது ஒருவர் பட்டையைப் பார்த்துவிட்டு ரிமோட்டில் ‘ஃபுல்’ அமுக்குவார். அமுக்கியதும் முகங்கள் தட்டையாகிவிடும். ‘ஜூம்’ வைத்தால் இன்னும் மோசம், மேலும் கீழும் வெட்டுப்படும். ஃபாஸ்பிண்டரின் சட்டகத்தில் கதவு நிலையும் படிக்கட்டுக் கம்பியும் விளிம்பு வரை வேலை செய்கின்றன. விளிம்பை வெட்டினால் காட்சியின் பொருளே போய்விடும். ‘ஒரிஜினல்’ என்ற நிலையில் வைத்துவிட்டு ரிமோட்டைச் சட்டைப்பையில் போட்டுக்கொள்ளுங்கள்.

பழைய ஐரோப்பிய டிவிடி வைத்திருப்பவர்கள் வேகத்தைச் சரிபார்க்க வேண்டும். நொடிக்கு 24 பிரேமில் எடுத்த படத்தை அங்கே 25இல் ஓட்டிப் பதிவு செய்வார்கள். 93 நிமிடப் படம் 89 நிமிடமாகச் சுருங்கும், குரல் அரைச் சுருதி ஏறிக் கேட்கும். வேறு பதிப்புக்காக எழுதிய சப்டைட்டிலை இதனோடு சேர்த்தால் தொடக்கத்தில் பொருந்தியது போலத் தெரியும். அரைமணி நேரத்தில் 72 நொடி தள்ளிப்போயிருக்கும். ஆகவே சோதிக்கும்போது முதல் வசனத்தோடு நிறுத்தாமல் கடைசி வசனத்தையும் பாருங்கள். இரண்டும் ஒரே அளவு தள்ளியிருந்தால் நேரத்தை நகர்த்தினால் போதும். கடைசியில் மட்டும் தள்ளியிருந்தால் பிரேம் வேகத்தை மாற்ற வேண்டும். ‘சப்டைட்டில் எடிட்’ போன்ற இலவச மென்பொருளில் அதற்கென்றே கட்டளை இருக்கிறது.

ஒலி மோனோ. ரிசீவரில் ‘சரவுண்ட்’ விளைவு எதுவும் போட வேண்டாம். போட்டால் வசனம் குகைக்குள் பேசுவது போலாகிவிடும்.

தமிழ் சப்டைட்டில் போடுவதாக இருந்தால்

ஆங்கில சப்டைட்டிலைப் பார்த்துத் தமிழாக்கும்போது ஒரு பெரிய விஷயம் நழுவிவிடுகிறது. ஜெர்மனில் ‘டு’ என்றால் நீ, ‘ஸீ’ என்றால் நீங்கள். ஆங்கிலத்தில் இந்த வேறுபாடு கிடையாது. தமிழில் அப்படியே இருக்கிறது. ஆகவே ஆங்கில வரியைப் படித்தாலும் காதை ஜெர்மன் ஒலியில் வைத்திருங்கள். ‘டு’ கேட்கிறதா ‘ஸீ’ கேட்கிறதா என்று ஒவ்வொரு புதுச் சந்திப்பிலும் குறித்துக்கொள்ளுங்கள். யார் யாரை நீ என்கிறார், எந்தக் காட்சியிலிருந்து மரியாதை மாறுகிறது என்பதில் இந்தப் படங்களின் சமூகப் பாடம் பாதி அடங்கியிருக்கிறது.

அடுத்தது உடைந்த மொழி. முதல் வாரப் படத்தின் தலைப்பே இலக்கணப் பிழையோடு இருக்கிறது. ‘ஆங்ஸ்ட் எஸ்ஸன் ஸேலே அவுஃப்’ என்பதில் வினை திரியவில்லை, ‘ஆன்மா’வுக்கு முன் வர வேண்டிய சிறுசொல்லும் இல்லை. மொராக்கோவிலிருந்து வந்த தொழிலாளி அலி வேலையிடத்தில் பொறுக்கிக்கொண்ட ஜெர்மன் அது. ‘அச்சம் ஆன்மாவை அரித்துவிடும்’ என்று செம்மையாக எழுதினால் அலி பேராசிரியராகிவிடுவார். ‘பயம் ஆன்மா தின்னு’ என்பது நெருக்கம். வேற்றுமை உருபை விட்டுவிடுங்கள், வினையை ஏவல் வடிவில் நிறுத்துங்கள். படம் முழுக்க அலிக்கு இந்த இரண்டு விதிகள் போதும். மழலை போலவோ சினிமாவில் வரும் சேட்டுத் தமிழ் போலவோ எழுதினால் அரங்கம் சிரிக்கும், படம் அங்கேயே செத்துவிடும்.

ஒரு வரிக்கு 30 முதல் 35 எழுத்து, ஒரு நேரத்தில் இரண்டு வரி என்ற அளவில் நிறுத்துங்கள். கோப்பை யுடிஎஃப் 8 முறையில் சேமிக்காவிட்டால் திரையில் கேள்விக்குறிகள் வரிசையாக வரும். சில பிளேயர்களில் ‘கெ’, ‘கொ’வின் கொம்பு இடம் மாறிக் குதறிப்போகும். அது எழுத்துருவும் பிளேயரும் ஒத்துப்போகாததால் வருவது. அரங்கத்தின் அதே கணினியில் முந்தின நாளே ஓட்டிப் பார்த்து, சரிவராவிட்டால் சப்டைட்டிலை வீடியோவிலேயே பதித்துக்கொள்ளுங்கள். அப்படிப் பதிக்கவும் உரிமையாளரின் அனுமதி வேண்டும் என்பதால் முதல் கடிதத்திலேயே அதையும் கேட்டுவிடுங்கள்.

வாரம் 1: ‘பயம் ஆன்மா தின்னு’ (1974), 93 நிமிடம்

முன்னுரை ஏழு நிமிடத்தைத் தாண்டக் கூடாது. மூன்று தகவல் போதும். மேற்கு ஜெர்மனி 1955இல் இத்தாலியோடும் 1960இல் ஸ்பெயின், கிரீஸோடும் 1961இல் துருக்கியோடும் 1963இல் மொராக்கோவோடும் ஆள் எடுக்கும் ஒப்பந்தம் போட்டு, வந்தவர்களை ‘விருந்தினர் தொழிலாளர்’ என்று அழைத்தது. இந்தப் படம் மியூனிக்கில் 1973இல் சுமார் 15 நாளில் எடுக்கப்பட்டது, அதே நகரத்து ஒலிம்பிக்கில் இஸ்ரேலிய வீரர்கள் மீது பாலஸ்தீனக் குழு நடத்திய தாக்குதலுக்கு ஓராண்டு கழித்து. அந்த நவம்பரிலேயே அரசு ஆள் எடுப்பதை நிறுத்தியது. கதையைச் சொல்லாதீர்கள். கான் விழாவில் விமர்சகர் பரிசு வாங்கியதைக் கடைசியில் சொன்னால் போதும்.

பார்வையாளருக்கு ஒரு தாள் கொடுங்கள். அதில் மூன்று கட்டங்கள் இருக்கட்டும்: யார் யாரைப் பார்க்கிறார்கள், நடுவில் என்ன நிற்கிறது (கதவு, மேசை, கம்பி), எத்தனை நொடி பேச்சில்லை. மழைக்கு ஒதுங்கிய எம்மி மதுக்கடைக்குள் நுழையும் தொடக்கக் காட்சியை மட்டும் நிரப்பச் சொல்லுங்கள். ஏறக்குறைய அறுபது வயதுத் துப்புரவுத் தொழிலாளி கதவோரம் உட்கார்ந்து ஒரு கோலா கேட்கிறார். மறுகோடியில் ஒரு கூட்டம் அசையாமல் அவரையே பார்க்கிறது. முதல்முறை பார்ப்பவர்கள் ‘நடிக்கத் தெரியாமல் நிற்கிறார்கள்’ என்று எழுதுவார்கள். எழுதட்டும், திருத்த வேண்டாம். மஞ்சள் நாற்காலிகள் நிறைந்த திறந்தவெளி உணவகத்தில் எம்மி உடைந்து அழும்போது, சுற்றி நிற்பவர்களின் அந்த அசையாமை என்ன செய்கிறது என்று அவர்களுக்கே தெரிந்துவிடும். முறைத்துப் பார்ப்பதைத்தான் இந்தப் படம் அடி என்று காட்டுகிறது.

படத்தின் கீல் அந்த அழுகைக்குப் பின்தான். எம்மியும் அவர் மணந்த அலியும் விடுமுறைக்குப் போய்த் திரும்பியதும் ஊர் திடீரென்று இனிக்கிறது. யாருக்கும் மனம் மாறிவிடவில்லை. மளிகைக்காரருக்கு வாடிக்கை வேண்டும், பக்கத்து வீட்டுக்காரிக்கு நிலவறையில் இடம் வேண்டும். தாயின் தொலைக்காட்சிப் பெட்டியைக் காலால் உடைத்த மகனுக்குக் குழந்தையைப் பார்த்துக்கொள்ள ஆள் வேண்டும். வெறுப்பு போகவில்லை, விலை மாறியிருக்கிறது. கலந்துரையாடலில் ‘மக்கள் திருந்திவிட்டார்கள்’ என்று யாராவது சொன்னால் இந்த மூன்று தேவைகளையும் பலகையில் எழுதிவிடுங்கள்.

கூடவே இன்னொன்று. வேலையிடத்துப் படிக்கட்டில் மற்றவர்கள் எம்மியைத் தனியே விட்டுச் சாப்பிடும்போது கேமரா அவரைக் கைப்பிடிக் கம்பிகளுக்கு நடுவே பார்க்கிறது. பின்னால் யோலாண்டா என்ற யூகோஸ்லாவியப் பெண் வேலைக்கு வருகிறாள். அதே படிக்கட்டு, அதே கம்பி, இப்போது ஒதுக்கப்படுபவள் அவள். ஒதுக்குகிறவர்களில் எம்மியும் ஒருத்தி. இரண்டு ஸ்டில்களையும் பக்கம்பக்கமாக வைத்துக் காட்டுங்கள், ஒரு வார்த்தையும் பேச வேண்டாம். தோழிகள் முன்னால் எம்மி அலியின் தசையைத் தொட்டுப் பார்க்கச் சொல்வதும், அவன் கேட்கும் கூஸ்கூஸ் உணவை மறுப்பதும் இதே இழையில் வருகின்றன. அலி என்பதும் அவன் பெயரில்லை. படத்திலேயே அவன் தன் நீண்ட பெயரைச் சொல்கிறான், அதற்குப் பிறகும் எல்லாரும் அலி என்றே கூப்பிடுகிறார்கள். அந்த நடிகர் எல் ஹெதி பென் சலேம். ஃபாஸ்பிண்டரின் கடைசிப் படமான ‘க்வெரெல்’ அவருடைய நினைவுக்குத்தான் காணிக்கையாக்கப்பட்டது.

வாரம் 2: ‘காட்ஸெல்மாஹர்’ (1969), 88 நிமிடம்

இங்கேதான் ஆள் எழுந்து போவார்கள். கறுப்பு வெள்ளை, அசையாத கேமரா, சுவரோரக் கம்பியில் உட்கார்ந்து வெட்டிப்பேச்சு பேசும் மியூனிக் புறநகர் இளைஞர்கள். ஒன்பது நாளில் எடுத்த படம். தலைப்பு, தெற்கிலிருந்து பிழைக்க வந்தவர்களைக் குறிக்கும் பவேரிய வசைச்சொல். மொழிபெயர்க்க வேண்டாம், என்ன வகைச் சொல் என்று மட்டும் சொல்லுங்கள்.

ஒரே ஒரு எச்சரிக்கை கொடுத்தால் பாதிப் பேர் தங்குவார்கள்: கேமரா எப்போது நகர்கிறது என்று எண்ணச் சொல்லுங்கள். இரண்டு பேர் கைகோத்து வீட்டு வாசல் வழியே நடந்து வருவார்கள், கேமரா பின்னோக்கிப் போகும், பியானோ கேட்கும். அந்த நடைகள் மட்டும்தான் அசைவு. எண்ணத் தொடங்கியதும் சலிப்பு கவனமாக மாறுகிறது.

கிரேக்கத் தொழிலாளி யோர்கோஸாக நடிப்பவர் ஃபாஸ்பிண்டரே. அவனை அடிக்கிறார்கள், பிறகு ‘இவனால் வாடகை வருகிறது, நாட்டுக்கும் லாபம்’ என்று பொறுத்துக்கொள்கிறார்கள். முதல் வாரம் பார்த்தவர்களுக்கு இந்தக் கணக்கு புதிதல்ல. ஆனால் ஒரு துருக்கியரும் தங்க வரப்போகிறார் என்று தெரிந்ததும் யோர்கோஸ் சொல்வதை யாரும் எதிர்பார்க்க மாட்டார்கள். துருக்கிக்காரன் வேண்டாம், வந்தால் நான் போய்விடுவேன் என்கிறான். கலந்துரையாடலை அந்த வசனத்திலிருந்து தொடங்குங்கள்.

வாரம் 3: ‘நான்கு பருவத்து வியாபாரி’ (1971), 88 நிமிடம்

1970-71 வாக்கில் ஃபாஸ்பிண்டர் மியூனிக்கில் டக்ளஸ் சர்க்கின் ஹாலிவுட் கண்ணீர்ப் படங்களைப் பார்த்தார். ஜெர்மனியில் பிறந்து அமெரிக்கா போய்ப் புகழ்பெற்று, ஓய்வுக்கு சுவிட்சர்லாந்து திரும்பியிருந்த சர்க்கை நேரிலும் போய்ச் சந்தித்தார். பார்வையாளரைக் கதையில் கரையவிடாமல் தள்ளி நிறுத்தும், நாடகாசிரியர் பிரெக்ட் பாணி விலக்கத்தோடு குடும்பக் கதையின் கண்ணீரையும் சேர்க்கலாம் என்று அவர் கண்டுகொண்டது அங்கேதான். அதன் முதல் பலன் இந்தப் படம். ஐம்பதுகளில் முற்றத்துக்கு முற்றம் வண்டி தள்ளிப் பழம் விற்கும் ஹான்ஸ் எப், வீட்டாரின் மதிப்புக்காக ஏங்கி ஏங்கி, நண்பர்கள் முன்னிலையில் குடித்தே சாகிறான். தமிழ்ப் பார்வையாளருக்கு இது எளிதாகப் பிடிபடும். பிடிபடுவதே சிக்கலும்கூட. தாயும் மனைவியும்தான் கொடியவர்கள் என்று முடிவு கட்டிவிடுவார்கள். ஹான்ஸ் மனைவியை அடிக்கும் காட்சியை நினைவூட்டுங்கள்.

வாரம் 4: ‘எட்டு மணி நேரம் ஒரு நாளாகாது’ (1972), முதல் பகுதி

தொழிற்சாலைக் குடும்பம் ஒன்றைப் பற்றி டபிள்யூடிஆர் தொலைக்காட்சிக்காக எடுத்த தொடர். ஐந்து பகுதிகள் வெளிவந்தன, எட்டு திட்டமிடப்பட்டிருந்தது. இது மகிழ்ச்சியான படைப்பு என்பதால்தான் இந்த இடத்தில் வைக்கிறோம். மூன்று வாரம் இருட்டைப் பார்த்தவர்களுக்கு மூச்சு வேண்டும். போனஸ் பிரச்சினையைத் தொழிலாளர்கள் சேர்ந்து பேசித் தீர்க்கிறார்கள், பாட்டி ஒருத்தி ஊரையே ஆட்டிவைக்கிறாள். முதல் பகுதி ஒன்றரை மணி நேரத்துக்குச் சற்று மேல். 2017இல் புதுப்பிக்கப்பட்ட பதிப்பைக் கேட்டு வாங்குங்கள், பழைய ஒளிபரப்புப் பிரதியில் நிறம் வெளுத்திருக்கும். தொலைக்காட்சிக்கென்றே எடுத்தது என்பதால் மேலே சொன்ன 24, 25 பிரேம் கணக்கு இதற்குப் பொருந்தாது.

வாரம் 5: ‘சுதந்திரத்தின் முஷ்டிநீதி’ (1975)

இரண்டு மணி நேரம் சொச்சம். நிர்வாணக் காட்சிகள் உண்டு, வயது வரம்பை அழைப்பிதழிலேயே போடுங்கள். தெருவோரக் காட்சிக் கூடாரத்தில் வேலை பார்த்த ஃபாக்ஸுக்கு லாட்டரியில் 5,00,000 மார்க் விழுகிறது. பணக்காரக் காதலனும் அவன் குடும்பமும் அதை நயமாகக் கறந்துவிடுகிறார்கள். முக்கியப் பாத்திரங்கள் பலரும் தன்பாலீர்ப்பாளர்கள். அது கதைக்குப் பிரச்சினையே இல்லை, பிரச்சினை வர்க்கம். அப்போதே சில தன்பாலீர்ப்பு அமைப்புகள் ‘எங்களைச் சுரண்டல்காரர்களாகக் காட்டுகிறார்’ என்று கோபப்பட்டன. இந்த விமர்சனத்தை மறைக்காமல் முன்வையுங்கள். மேஜை நாகரிகத்தில் ஃபாக்ஸ் தடுமாறும் விருந்துக் காட்சியையும், மரியன்பிளாட்ஸ் சுரங்க ரயில் நிலையத்தில் அவன் கிடக்கும் முடிவையும் ஒன்றாக வைத்துப் பேசலாம். கடைசியில் அவன் பையைத் துழாவுகிறவர்கள் சிறுவர்கள்.

ஃபாக்ஸின் இயற்பெயர் ஃபிரான்ஸ் பிபர்கோஃப். இதைக் குறித்துக்கொள்ளுங்கள், கடைசியில் வேலைக்கு வரும்.

வாரம் 6: ‘அன்னை க்யூஸ்டர்ஸ்’ (1975)

போடும் முன் உங்கள் பிரதியில் எந்த முடிவு இருக்கிறது என்று பாருங்கள், இந்தப் படத்துக்கு இரண்டு உண்டு. தொழிற்சாலையில் கொலை செய்து தானும் செத்த கணவனின் பெயரைக் காப்பாற்ற அலையும் எம்மா க்யூஸ்டர்ஸ், ஒரு முடிவில் சுடப்படுகிறார். அது காட்டப்படுவதில்லை, உறைந்த சட்டகத்தின் மேல் எழுத்தாக வருகிறது. அமெரிக்காவுக்காக எடுத்த மற்ற முடிவில் ஒரு காவலாளியோடு சாப்பிடப் போகிறார். சாப்பாட்டின் பெயர் ‘வானமும் பூமியும்’, உருளைக்கிழங்கும் ஆப்பிளும் சேர்ந்தது. இரண்டும் கிடைத்தால் இரண்டையும் போடுங்கள், எழுத்து முடிவு முதலில்.

பத்திரிகையாளன், வசதியான கம்யூனிஸ்ட் தம்பதி, அராஜகவாதி என்று ஆளாளுக்கு இந்தத் தாயைப் பயன்படுத்துகிறார்கள். இடதுசாரிகள் அன்று கொதித்தார்கள், உங்கள் அரங்கத்திலும் கொதிக்கலாம். விவாதம் கட்சி மேடையாகிவிடாமல் இருக்க ‘அவர் எந்தக் காட்சியில் தானாக ஒரு முடிவெடுக்கிறார்?’ என்ற கேள்வியை மட்டும் கையில் வைத்துக்கொள்ளுங்கள்.

நேரமிருந்தால் ‘இலையுதிர்காலத்தில் ஜெர்மனி’ (1978) கூட்டுப்படத்தில் ஃபாஸ்பிண்டரின் பகுதியைச் சேர்க்கலாம், அரைமணி நேரத்துக்குள் முடியும். 1977 அக்டோபரில் ‘செம்படைப் பிரிவு’ என்ற இடதுசாரித் தீவிரவாதக் குழுவின் கைதிகள் ஷ்டாம்ஹைம் சிறையில் இறந்த நாட்களில், தன் வீட்டிலேயே எடுத்தது. ஜனநாயகம் பற்றித் தன் தாயை விடாமல் குடைகிறார். நல்ல, அன்பான ஒரு சர்வாதிகாரி இருந்தால் தேவலை என்று தாய் சொல்கிறார். கேள்வி கேட்கும் மகனே அந்த வீட்டில் சர்வாதிகாரி மாதிரி நடந்துகொள்வதை மறைக்காமல் எடுத்து வைத்திருப்பது இந்த மனிதரின் நேர்மை.

வாரம் 7: ‘மரியா பிரவுனின் திருமணம்’ (1979), 120 நிமிடம்

இங்கே காதுக்குத்தான் வேலை. ஹன்னா ஷிகுல்லா இந்தப் பாத்திரத்துக்காகப் பெர்லின் விழாவில் வெள்ளிக்கரடி வாங்கினார். ஆனால் பின்னணியில் ஓடும் வானொலி இன்னொரு கதை சொல்கிறது. போரில் காணாமல் போனவர்களின் பெயர்கள், ஜெர்மனிக்கு ராணுவம் வேண்டாம் என்னும் மேற்கு ஜெர்மனியின் முதல் பிரதமர் அடனாவரின் பேச்சு, பின்னால் ராணுவம் வேண்டும் என்னும் அதே அடனாவரின் பேச்சு. கடைசிக் காட்சி முழுக்க 1954 ஜூலை 4 அன்று பெர்னில் நடந்த உலகக் கோப்பை இறுதி ஆட்டத்தின் நேரடி வர்ணனை. பல சப்டைட்டில்கள் வானொலியை அப்படியே விட்டுவிடுகின்றன. ஆகவே இந்த நான்கையும் ஒரு தாளில் அச்சடித்துப் படத்துக்கு முன்பே கொடுத்துவிடுங்கள். ஹங்கேரியை மேற்கு ஜெர்மனி 3-2 என்று வென்றது என்பதையும் சேர்த்தே எழுதலாம். முடிவில் என்ன நடக்கிறது என்பதை மட்டும் எழுத வேண்டாம்.

படம் ஹிட்லரின் உருவப்படத்தில் தொடங்கி மேற்கு ஜெர்மனியின் பிரதமர்களின் உருவப்படங்களில் முடிகிறது. அந்த வரிசையில் வில்லி பிராண்ட் இல்லை. விடுபட்டது யார் என்று கேட்டுப் பாருங்கள், ஒருவராவது சொல்வார்.

வாரம் 8: ‘லோலா’ (1981)

மேற்கு ஜெர்மன் குடியரசு பற்றிய மூன்று படங்களில் ‘மரியா பிரவுன்’ முதலாவது, இது எண்ணிக்கைப்படி மூன்றாவது. ஆனால் இரண்டாவதான ‘வெரோனிகா ஃபோஸ்’ இதற்குப் பின்னால்தான் எடுக்கப்பட்டு, 1982இல் பெர்லினில் தங்கக்கரடி பெற்றது. அறிவிப்புப் பலகையில் இந்த வரிசையைக் குழப்பாதவர்கள் குறைவு. கதை 1957இல் ஒரு சிறு நகரத்தில் நடக்கிறது. நேர்மையான கட்டட ஆணையர் வருகிறார், ஒப்பந்ததாரரும் நகர்மன்றமும் விலைமாதர் விடுதியும் சேர்ந்து அவரை உள்ளே இழுத்துக்கொள்கின்றன. நம்மூரில் இதற்கு முன்னுரையே தேவையில்லை. நிறத்தை மட்டும் கவனியுங்கள்: மிட்டாய் போன்ற சிவப்பும் நீலமும் முகத்தில் விழும். புரொஜெக்டரை ‘விவிட்’ நிலையில் வைத்தால் அது வெறும் கறையாகத் தெரியும், ‘சினிமா’ நிலைக்கு மாற்றுங்கள்.

வேலைமுறை பற்றிக் கேட்பார்கள்

படமெடுக்க ஆசைப்படும் ஒருவர் நிச்சயம் இருப்பார், ‘எப்படி இவ்வளவு வேகம்?’ என்பார். நாட்கணக்கைச் சொல்லுங்கள். ‘பெட்ரா ஃபான் காண்ட்’ என்ற படம் ஒரே வீட்டில் 10 நாள். நிலையான குழு, நாடகக் காலத்திலிருந்து கூட வந்த நடிகர்கள், இசையமைப்பாளர் பேர் ராபன், கேமராவுக்கு டீட்ரிஹ் லோமன், பிறகு மிஹாயேல் பால்ஹவுஸ். பணத்தில் ஒரு பங்கு தொலைக்காட்சியிலிருந்து வந்தது. பொதுத் தொலைக்காட்சி நிலையங்கள் சினிமாவுக்கும் பணம் கொடுக்க 1974இல் ஒப்பந்தமே போட்டார்கள். பெர்லின் திரைப்படப் பள்ளி அவரை நுழைவுத் தேர்விலேயே நிராகரித்திருந்தது என்பதையும் சேர்த்துச் சொன்னால் கேட்டவர் சந்தோஷமாகப் போவார். அந்த வேகத்துக்குக் குழு கொடுத்த விலையையும் சொல்லாமல் விடக் கூடாது. கூட இருந்த நடிகர்களே பின்னாளில் அவருடைய கொடுமையைப் பற்றிக் கசப்போடு பேசியிருக்கிறார்கள். ‘குப்பை, நகரம், மரணம்’ என்ற அவருடைய நாடகம் யூத வெறுப்புக் குற்றச்சாட்டுக்கு உள்ளானது. 1985இல் ஃபிராங்க்பர்ட்டில் யூத சமூகத்தினர் மேடையில் ஏறி அமர்ந்து அதன் அரங்கேற்றத்தைத் தடுத்தார்கள். யாராவது கேட்டுத்தான் இது வெளிவர வேண்டும் என்று காத்திருக்காமல் நீங்களே சொல்லிவிடுவது நல்லது.

எட்டு வாரத்துக்குப் பிறகும் ஆள் மிஞ்சினால்

‘பெர்லின் அலெக்ஸாண்டர்பிளாட்ஸ்’ (1980) போடலாம். ஆல்ஃபிரெட் டோப்ளின் 1929இல் எழுதிய நாவலிலிருந்து 13 பகுதிகளும் ஒரு பின்னுரையும், 15 மணி நேரத்துக்கும் மேல். 154 நாள் படப்பிடிப்பு. ஃபாக்ஸுக்குப் பெயர் எங்கிருந்து வந்தது என்பது இங்கே தெரியும்: நாயகன் ஃபிரான்ஸ் பிபர்கோஃப். ஃபாஸ்பிண்டர் படத்தொகுப்புக்கு வைத்துக்கொண்ட புனைபெயரிலும் அந்த ஃபிரான்ஸ் உண்டு, ஃபிரான்ஸ் வால்ஷ்.

ஒரே நாளில் முடிக்கப் பார்க்காதீர்கள், ஐந்தாம் பகுதியில் அரங்கம் தூங்கும். சனிக்கிழமைக்கு மூன்று பகுதி, இரண்டாவதுக்குப் பின் 20 நிமிட இடைவேளை, இந்தக் கணக்கில் நான்கு சனிக்கிழமையில் 12 பகுதி ஓடும். ஐந்தாவது சனிக்கிழமை மாலை 13ஆம் பகுதி, பின்னுரையை மறுநாள் தனியாகப் போடுங்கள். அதன் போக்கே வேறு, முந்தைய பகுதியோடு ஒட்டிப் போட்டால் ஏதோ டிஸ்க் மாறிவிட்டது என்றுதான் நினைப்பார்கள்.

1980இல் ஒளிபரப்பானபோது படம் இருட்டாக இருக்கிறது, ஒன்றும் தெரியவில்லை என்று ஜெர்மன் நேயர்களே புகார் சொன்னார்கள். 16 மில்லிமீட்டர் பிலிமில், குறைந்த வெளிச்சத்தில் எடுத்தது. 2007இல் வெளிவந்த புதுப்பித்த பதிப்பு தெளிவானது, ஆனாலும் அரங்கில் முழு இருட்டு வேண்டும். ஜன்னல் இடுக்குகளைக் கறுப்புத் துணியால் அடையுங்கள், வெளியேறும் வழிக்கான விளக்கு நேராகத் திரையில் விழாதபடி அட்டை வைத்து மறையுங்கள், விளக்கை அணைத்துவிடாதீர்கள். புரொஜெக்டர் பல்பு பழையதாக இருந்தால் இந்தத் தொடருக்கு முன்பே மாற்றிவிடுங்கள்.